டார்ட் அக்காவின் வீட்டுக்காரர்

எங்கள் வீட்டு கேட்டைத் தட்டுகிறவர்கள் யாரும் என்னைத் தேடி வருவதில்லை. முற்றத்தில் நாற்காலி போட்டுப் பேப்பர் வாசித்துக்கொண்டிருப்பேன். மீன்காரி வந்தாலும் சரி, பள்ளிக்கூட டீச்சர் வந்தாலும் சரி, என் தலைக்கு மேலாக உள்ளே எட்டிப் பார்த்து, "அக்கா இருக்காவளா?" என்று கேட்பார்கள். இருக்கிறாள் என்பேன். "டார்ட் கிடைக்குமா?" என்பது அடுத்த கேள்வி. "அதை அவகிட்ட கேளுங்க" என்று சொல்லிவிட்டுப் பேப்பரை முகத்துக்கு நேராக உயர்த்திக்கொள்வேன். அந்த நேரத்தில் என் முகத்தை யாரும் பார்க்காமல் இருப்பது எல்லோருக்கும் நல்லது.

டார்ட் என்பது உள்ளங்கையில் அடங்குகிற மாவுக் கிண்ணம். மொறுமொறுவென்று சுட்டெடுத்து உள்ளே பழம் வைத்துக் கொடுப்பது. மஸ்கட்டில் ஒரு ஹோட்டலில் பதினெட்டு வருஷம் நான் செய்தது இதைத்தான். அங்கே பேஸ்ட்ரி பிரிவில் டார்ட் தட்டு வெளியே போகவேண்டுமென்றால் என் கண் பட்ட பிறகுதான் போகும். எங்கள் தெருவில் இது யாருக்காவது தெரியுமா? ஹோட்டல் வேலை என்றால் சோறு வடித்தேன் என்று நினைத்துக்கொண்டார்கள். "அங்க பிரியாணி எல்லாம் நல்லா வைப்பியளோ அண்ணே?" என்று ஒருவன் கேட்டான். தக்கலை பஸ் ஸ்டாண்டில் இறங்கி டார்ட் அக்கா வீடு என்று சொன்னால் ஆட்டோக்காரர்கள் நேராக எங்கள் வாசலில் கொண்டுவந்து விடுகிறார்கள். அந்த டார்ட் அக்கா என் மனைவி. நான் டார்ட் அக்காவின் வீட்டுக்காரர்.

பொறாமையா என்று கேட்டால் ஆமாம், பொறாமைதான். கட்டினவள் மேலேயா என்று கேட்டால் அதற்கும் ஆமாம். ஊரான் மேல் பொறாமைப்பட்டால் கதவைச் சாத்திக்கொண்டு நம் வீட்டுக்குள் நிம்மதியாக இருக்கலாம். இது அடுப்படியிலேயே இருக்கிறது, மூன்று வேளையும் சோறு போடுகிறது.

ஓவனை வாங்கி கார்கோவில் அனுப்பியவனே நான்தான். அது வந்து இரண்டு வருஷம் அவள் அதற்குள் பழைய பாத்திரங்களை அடுக்கி வைத்திருந்தாள். பிறகு என் கடைசி காண்டிராக்ட் ஓடிக்கொண்டிருந்த காலத்தில், வேதக்கோயில் பெண்கள் கூட்டத்துக்கு ஏதோ பலகாரம் கொண்டுபோக வேண்டியிருந்ததாம். வீட்டில் சக்க வரட்டி இருந்தது. பின்பக்கத்துப் பலாவில் பழுத்ததைச் சர்க்கரை சேர்த்துக் கிளறிப் பீங்கான் பரணியில் போட்டு வைப்பாள். அதை மாவுக் கிண்ணத்தில் வைத்துச் சுட்டிருக்கிறாள். அவ்வளவுதான், கூட்டம் முடிவதற்குள் நாலு பேர் ஆர்டர் சொல்லிவிட்டார்கள். அப்புறம் சக்கை இல்லாத மாதம் மட்டி வாழைப்பழம், அது இல்லாவிட்டால் அன்னாசி. போனில் சொன்னாள். "பொழுது போவதுக்கு நல்லதுதான்" என்று சொன்னேன். என் வாயால் நானே சொன்னேன்.

வேலையை முடித்துக்கொண்டு ஊருக்கு வந்தபோது விமானத்திலேயே ஒரு கணக்குப் போட்டிருந்தேன். இவள் ஏதோ தட்டிக்கொட்டிச் செய்கிறாள், நாம் போய் முறையாகச் சொல்லிக் கொடுப்போம், கூடமாட நிற்கட்டும் என்று. வந்த மறுநாள் காலையில் அடுப்படிக்குள் போனேன். கிண்ணியில் மாவை வைத்துக் கட்டைவிரலால் அழுத்திக்கொண்டிருந்தாள்.

"ஏட்டி, மாவை உருட்டிப் பரத்தாண்டாமா? உருட்டுகட்டை எங்க?"

"அது சப்பாத்திக்கு" என்றாள், திரும்பாமலே.

"வெண்ணெய் எவ்வளவு போட்ட?"

"வெண்ணெயா? நம்ம தேங்காயெண்ணெதான்."

டார்ட்டில் தேங்காயெண்ணெய்! எங்கள் தலைமை செஃப் கேட்டிருந்தால் தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டு ஊருக்குப் போயிருப்பார். இது போதாது என்று, வெறும் கிண்ணத்தை முதலில் சுடும்போது அடி உப்பாமல் இருக்க உள்ளே பாரம் வைக்கவேண்டும் அல்லவா, அதற்கு அங்கே பீங்கான் மணிகள் வைத்திருப்போம். இவள் ஒரு பால்பவுடர் டப்பாவைத் திறந்து புளியங்கொட்டையை அள்ளிப் போட்டாள். எனக்கு வாய் வரைக்கும் வந்த வார்த்தையை அடக்கிக்கொண்டேன். சுட்டு முடித்ததும் ஒன்றைத் தட்டில் வைத்து நீட்டினாள்.

நன்றாக இருந்தது. அதுதான் எனக்குப் பெரிய இடி. மோசமாக இருந்திருந்தால் "பரவாயில்ல, பைய சரியாவும்" என்று முதுகில் தட்டிக்கொடுத்திருப்பேன், நல்ல புருஷன் என்று பெயரும் வாங்கியிருப்பேன். அது வாயில் போட்டதும் பொடிந்தது. சக்க வரட்டியின் இனிப்புக்கு அடியில் ஏலக்காயும் சுக்கும் வந்தன. நான் மென்று விழுங்கிவிட்டு, "ஓரம் ஒரே அளவுல இல்லியே" என்றேன்.

"ஓ" என்றாள். எங்கள் கல்யாணமான நாளிலிருந்து அவளுடைய சண்டை மொத்தமும் அந்த ஒற்றை எழுத்தில்தான்.

அதற்குப் பிறகு எனக்கு அந்த வீட்டில் வேலை என்று எதுவும் இல்லை. ஆர்டர் எடுப்பது அவள். பிளஸ் டூ படிக்கிற மகள் போட்டோ எடுத்துப் போனில் போடுவாள். நான் பெட்டி ஒட்டுவேன், ஒட்டிய பெட்டியைத் தூக்குவேன். சுசீந்திரம் பக்கத்தில் புதுவீடு கட்டிப் பால் காய்ச்சுகிற ஒரு வீட்டுக்குப் பெட்டிகளை மடியில் வைத்துக்கொண்டு ஆட்டோவில் போனோம். அங்கே வீட்டுக்காரம்மா என்னைப் பார்த்துச் சிரித்தார். "அண்ணனும் அக்காக்கு ஒத்தாசையா இருப்பியளா? நல்ல காரியம். எங்க வீட்டு ஆளு ஒரு துரும்பு எடுத்துப் போட மாட்டாரு" என்றார். பக்கத்தில் நின்ற அவருடைய கணவர் என்னை ஒரு பார்வை பார்த்தார் பாருங்கள், அந்த இரக்கத்தை என்னால் இன்றும் மன்னிக்க முடியவில்லை. மனைவி அப்போதாவது வாயைத் திறந்து, இவர் இந்தத் தொழிலிலேயே இருந்தவராக்கும் என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. தட்டில் அடுக்குவதிலேயே குறியாக இருந்தாள்.

திரும்பி வரும்போது ஆட்டோவில் வைத்துச் சொன்னேன். "முற்றத்து முல்லைக்கு மணமில்லைண்ணு சும்மயா சொன்னாவ."

"எந்த முல்லை?" என்றாள்.

"நான்தான்."

"ஓ."

தெருவில் கிழவிகள் டார்ட்டைக் கிண்ணத்தப்பம் என்று கூப்பிடுவார்கள். அதையும் அவள் திருத்துவதில்லை. "கிண்ணத்தப்பம் இல்ல, டார்ட்டாக்கும்" என்று நான்தான் ஓடிப்போய்ச் சொல்லுவேன். "ஏதோ ஒண்ணு மக்ளே, ருசியா இருக்கு" என்று அவர்கள் போய்விடுவார்கள். அவளுக்குப் பேர் வேண்டாம், பெருமை வேண்டாம், ஆனால் எல்லாம் அவளைத் தேடி வருகிறது. நான் வேண்டும் வேண்டும் என்று நிற்கிறேன், நாய்கூடத் திரும்பிப் பார்ப்பதில்லை.

அப்போதுதான் கோயிலில் அறுப்பின் பண்டிகை வந்தது. எங்கள் பக்கத்துச் சபைகளில் இந்தப் பண்டிகைக்கு ஒவ்வொரு வீட்டுக்காரரும் தோட்டத்தில் விளைந்ததையோ கையால் செய்ததையோ காணிக்கையாகக் கொண்டுவந்து வைப்பார்கள். ஆராதனை முடிந்ததும் முற்றத்தில் ஏலம். செவ்வாழைக் குலை, சேவல், தென்னங்கன்று, பலகாரம் எல்லாம் ஏலம் போகும். எந்தக் காணிக்கைக்குப் போட்டி, எதற்கு ஆள் இல்லை என்பது அடுத்த வருஷம் வரைக்கும் ஊரில் பேச்சாக இருக்கும். இரண்டு வருஷமாக அவளுடைய டார்ட்டுக்குத்தான் பெரிய போட்டியாம்.

"இந்தத் தடவை நானும் வைக்கேன். தனியாட்டு" என்றேன்.

மகள் போனிலிருந்து தலையைத் தூக்கினாள். "அப்பா, நீங்க செய்வியளா?"

பார்த்தீர்களா! என் சொந்த மகள் கேட்கிறாள். பதினெட்டு வருஷம் நான் அங்கே மணல் சலித்துக்கொண்டிருந்தேன் என்று நினைத்தாளா தெரியவில்லை. அந்த நிமிஷம் எனக்கு ஒன்று உறுதியாகிவிட்டது. ஊர்க்காரர்கள் முன்னால், முக்கியமாக என் வீட்டுக்காரி முன்னால், இது என் தொழில் என்று காட்டவேண்டும். இல்லையென்றால் சாகிறவரைக்கும் இந்த வீட்டில் எனக்குப் பெட்டி தூக்குகிற வேலைதான்.

பண்டிகைக்கு முந்தின நாள் நாகர்கோவில் போய் நல்ல வெண்ணெயும் பழங்களும் வாங்கி வந்தேன். அடுப்படியில் மாவைப் பிசைய ஆரம்பித்த உடனேயே வெண்ணெய் இளகி, மாவு விரலோடு விரலாக ஒட்டியது. அங்கே நாங்கள் மாவு வேலை செய்கிற அறை குளிர்பதனப் பெட்டிக்குள் இருப்பதுபோல இருக்கும். இங்கே நம் ஊர்ப் புழுக்கத்தில் வெண்ணெய் எப்படி நிற்கும்? "இந்த ஊரு சீதோஷ்ணத்துல ஒரு மனுசன் டார்ட் செய்ய முடியுமா?" என்று கத்தினேன்.

"ஆடத் தெரியாதவ முற்றம் கோணலுண்ணாளாம்" என்று மகள் முணுமுணுத்தாள். அவள் அம்மா சிரிக்கவில்லை. அது ஒன்றுதான் எனக்கு அன்று கிடைத்த மரியாதை.

வளைகுடாவில் இருந்து வந்தவன் மூளை வேறு எங்கே போகும்? எங்கள் வீட்டில் ஒரே ஒரு ஏ.சி. இருக்கிறது, படுக்கை அறையில். நான் லீவுக்கு வரும்போது போடுவதற்கென்று வாங்கியது. கட்டில் மெத்தையைச் சுருட்டி ஓரமாக வைத்தேன். பலகை மேல் சுத்தமான விரிப்புப் போட்டு, கதவைச் சாத்தி, ஏ.சி.யின் குளிரை முழுக்கக் கூட்டி வைத்துவிட்டு மாவோடு உட்கார்ந்தேன். ஆகா, கைக்குப் பழைய வேகம் வந்துவிட்டது. மாவு தாள் மாதிரி பரந்தது. ஓரங்களை அளந்து வெட்டினேன். கிண்ணங்கள் ஒரே வார்ப்பாக வரிசையில் நின்றன. வா, வந்து பார் என்று கூப்பிட நினைத்தேன். கூப்பிடவில்லை. மொத்தமாக முடிந்த பிறகு பார்த்து அசந்து போகட்டும் என்று இருந்தேன்.

கதவுக்கு வெளியே அவள் குரல் கேட்டது. "இஞ்ச பாருங்க, ஏ.சி.யும் ஓவனும் சேத்துப் போட்டா டிரிப் ஆவும். ஒண்ணை அணைச்சிட்டு மத்ததைப் போடுங்க."

"எனக்கு நீ கரண்ட் பாடம் எடுக்காண்டாம்" என்றேன்.

முதல் தட்டை ஓவனில் வைத்தேன். அடுத்ததற்கு மாவு இளகக்கூடாதே, ஏ.சி.யும் ஓடவேண்டுமே. கொஞ்ச நேரத்தில் டப் என்று ஒரு சத்தம், வீடு முழுக்க இருட்டு. ஓடிப்போய் வாசலில் இருந்த டிரிப்பரைத் தூக்கிவிட்டேன். மறுபடியும் டப். ஏ.சி.யை அணைத்தால் மாவு வழிகிறது, ஓவனை அணைத்தால் கிண்ணம் வேகாது. இப்படி வாசலுக்கும் அறைக்கும் ஓடி ஓடி, தெருவிலிருந்து பார்த்தவர்களுக்கு நல்ல வேடிக்கையாக இருந்திருக்கும். அவளுடைய தட்டு மேடை மேல் துணி போட்டு மூடி, மணத்துக்கொண்டு இருந்தது. அதைப் பார்க்கப் பார்க்க எனக்கு ஆத்திரம் கூடியது. பாதி வெந்தது, முக்கால் வெந்தது என்று பார்க்காமல் எடுத்து, பாலும் முட்டையும் சேர்த்துக் காய்ச்சிய கஸ்டர்டை ஊற்றினேன். மேலே பழத்தைச் சுற்றி அடுக்கினேன். கண்ணுக்கு அழகாகத்தான் இருந்தது. ராத்திரி ஃபிரிட்ஜில் வைத்தேன்.

மறுநாள் ஏலத்துக்கு அவளுடையது முதலில் வந்தது. லாரி வைத்திருக்கிற ஒருவரும் ஓய்வுபெற்ற ஒரு வாத்தியாரும் விட்டுக்கொடுக்காமல் கேட்டார்கள். எடுத்த லாரிக்காரர் அதைத் திரும்பக் காணிக்கையாக வைக்க, மறுபடி ஏலம் போட்டு, மறுபடி போட்டி. ஒவ்வொரு விலைக்கும் என் அடிவயிற்றில் யாரோ காந்தாரி மிளகாய் அரைத்தார்கள். மனைவி பெண்கள் பக்கத்தில் தலையைக் குனிந்து முந்தானையைத் திருகிக்கொண்டிருந்தாள்.

பிறகு என் தட்டு. ஏலம் போடுகிற கமிட்டிக்காரர் அதைத் தூக்கினார், தூக்கியவர் கொஞ்சம் நின்றார். வெயிலில் காத்திருந்ததில் கஸ்டர்ட் இளகிச் சரிந்து, பழங்கள் எல்லாம் ஒரு பக்கமாக இறங்கியிருந்தன. சில கிண்ணங்களின் ஓரம் விட்டுப்போயிருந்தது. "இது வந்து... நம்ம டார்ட் அக்காக்க வீட்டுக்காரர் செஞ்சதாக்கும்" என்றார். கூட்டத்தில் சிரிப்பு. "அக்கா செஞ்சா ஏலம், அண்ணன் செஞ்சா வைத்தியம்" என்று எவனோ பின்னாலிருந்து சொன்னான். அதற்கும் சிரிப்பு.

விலை கேட்க ஆளில்லை. "ஆராவது கேளுங்க மக்கா" என்று கமிட்டிக்காரர் கெஞ்சுகிற நிலைக்கு வந்துவிட்டார். அந்த முற்றத்து மணல் அப்படியே பிளந்து என்னை விழுங்கினால் நல்லது என்று இருந்தது. கடைசியில் டீக்கடையில் என்னோடு உட்காருகிற நண்பன் பாவம் பார்த்து ஒரு விலை சொன்னான். ஒரு தரம்.

அப்போது பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு கை உயர்ந்தது. என் மனைவி. அவன் சொன்னதற்கு மேலே சொன்னாள்.

முற்றத்தில் இருந்த எல்லாத் தலைகளும் அவள் பக்கம் திரும்பின. காணிக்கை வைத்த வீட்டாரே அதை ஏலத்தில் கேட்கிற வழக்கம் எங்கள் ஊரில் கிடையாது. கடவுளுக்குக் கொடுத்ததை நாமே திரும்ப எடுப்பதா என்று பேசுவார்கள். நண்பன் விளையாட்டு என்று நினைத்து விலையை ஏற்றினான். அவள் உடனே ஏற்றினாள். அவன் மறுபடியும் வாயைத் திறந்தான். அவள் திரும்பி அவனை ஒரு முறை முறைத்தாள். அவன் அப்படியே உட்கார்ந்துவிட்டான். மூன்று தரம். தட்டு அவள் கைக்குப் போனது.

நான் காத்திருக்கவில்லை. விறுவிறுவென்று முன்னால் நடந்து வீட்டுக்கு வந்துவிட்டேன். தோற்றதுகூடப் பெரிதில்லை. தோற்றவனுக்கு ஊர் முன்னால் வைத்து, கட்டினவள் கையாலேயே பிச்சை. அவள் தட்டோடு படியேறி வந்ததும் பிடித்துக்கொண்டேன்.

"ஏட்டி, ஆரு உன்ன கேக்கச் சொன்னா? எனக்கு இரக்கம் காட்டுதியா? ஊரே பாத்துச் சிரிக்குது."

அவள் தட்டை மேசை மேல் வைத்தாள். இந்தத் தடவை "ஓ" சொல்லவில்லை.

"இரக்கமா? உங்க மேலயா? நல்ல ஆளு. அந்த மனுசன் எடுத்துட்டுப் போயி தின்னிருவாருண்ணுதான் கேட்டேன்."

"தின்னா என்ன?"

"தின்னா என்னவா? பதினெட்டு வருசம் எவளெவளோ வந்து உக்காந்து, நீங்க செஞ்சதைத் தின்னுட்டு, வாயைத் துடைச்சிட்டுப் போனா. எனக்கு என்ன தந்திய? போட்டோ அனுப்புவிய. 'இண்ணைக்கு இது செஞ்சேன், நேத்து அது செஞ்சேன்'ண்ணு. போட்டோவை நான் நக்கவா? லீவுல வந்தா ஒருநாளு அடுப்படியை எட்டிப் பாத்தியளா? கை அலுத்துப் போச்சுண்ணு கட்டில்ல கிடப்பிய. எனக்கு வயிறு எரிஞ்ச எரிச்சல் உங்களுக்குத் தெரியுமா? அந்த எரிச்சல்ல தான் அந்த ஓவனைத் துடைச்சு எடுத்தேன். தின்னு பாக்கணும்ணு ஆசையா இருந்துது, தர ஆளில்ல, நானே சுட்டேன். இப்பமாவது எனக்கு முதல்ல ஒண்ணு செஞ்சு தந்தியளா? அதையும் கோயில் முற்றத்துலதான் கொண்டு வச்சிய."

அவளுக்கு இவ்வளவு பேச வரும் என்று எனக்குத் தெரியாது. மூச்சு வாங்க நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். பண்டிகைச் சேலையைக்கூட மாற்றவில்லை. தட்டிலிருந்து ஒன்றை எடுத்து, வழிகிற கஸ்டர்டை விரலால் தடுத்து, வாயில் வைத்தாள். மகள் ஆசையாகக் கையை நீட்டினாள். அம்மாக்காரி அந்தக் கையைப் பட்டென்று தட்டிவிட்டாள்.

நான் வாசலிலேயே நின்றேன். பதினெட்டு வருஷத்தில் எந்த விருந்தாளி சாப்பிடும்போதும் நான் இப்படிப் பயந்து நின்றதில்லை. அவள் நிதானமாக மென்றாள். விழுங்கினாள்.

"அடி வேகல" என்றாள். அடுத்ததை எடுத்தாள்.